பதினான்காவது சட்டை

எட்வின் ஜாக்சன் என்ற பெயரை நமது வாசகர்களில் அநேகர் கேள்விப்பட்டிருக்க நியாயமில்லை. நமக்குத் தெரிந்த விளையாட்டு கிரிக்கெட். பேஸ்போல் என்றால் ஆங்கிலப் படங்களில் தொப்பியணிந்தவர்கள் மட்டையைத் தோளில் சாய்த்துக்கொண்டு நிற்கும் காட்சிதான் ஞாபகத்துக்கு வரும். அந்த விளையாட்டில் ஊறிப்போனவர்களிடம் ஜாக்சனைப் பற்றி விசாரித்தாலும் அவர்கள் முதலில் சொல்வது ஓர் எண்ணைத்தான்: பதினான்கு. வட அமெரிக்காவின் மேஜர் லீக் போட்டிகளில் மொத்தம் முப்பது அணிகள் உண்டு. அவற்றுள் பதினான்கு அணிகளுக்குப் பந்தெறிந்தவர் அவர். 2019 மே மாதம் பதினான்காவது அணியின் சட்டையை அவர் போட்டுக்கொண்டபோது, அதற்கு முன் வேறெவரும் அத்தனை அணிகளுக்கு ஆடியிருக்கவில்லை.

இதைச் சாதனை என்று கொண்டாடுவதா, பரிதாபம் என்று அனுதாபப்படுவதா என்பதில் பத்திரிகைகளுக்கே தெளிவில்லை. அன்று வந்த செய்திகளில் பாராட்டும் இருந்தது, பாராட்டுக்குள் ஒரு சிறு சிரிப்பும் இருந்தது.

இப்படிப்பட்ட ஆட்டக்காரரை ஆங்கிலத்தில் 'ஜேர்னிமேன்' என்பார்கள். 'ஜேர்னி' என்றால் பயணம். ஆகவே ஊர் ஊராக அலைபவன் என்று பொருள் கொள்ளத் தோன்றும். சொல்லின் வேர் அதுவல்ல. பிரெஞ்சு மொழியில் ஒரு நாளைக் குறிக்கும் சொல்லிலிருந்து பிறந்தது அது. தொழிலைப் பழகி முடித்தவன், ஆனால் சொந்தப் பட்டறை இல்லாதவன், நாட்கூலிக்கு இன்னொருவரிடம் வேலை செய்பவன் - அவனே பழைய காலத்து ஜேர்னிமேன். நம் ஊர்களிலும் அப்படியான ஓடாவிமார் உண்டு. கையில் வேலை இருக்கும். வாசலில் பெயர்ப்பலகை இருக்காது.

நான் ஜாக்சனைக் கண்டது 2019 கோடையில், டொரொண்டோ நகரில், மகள் வீட்டு வரவேற்பறைத் தொலைக்காட்சியில். ஓய்வுபெற்ற பின் முதற்தடவையாக அங்கு போயிருந்தேன். பகலில் எல்லோரும் வேலைக்கும் பள்ளிக்கும் போய்விட, மாலையில் மருமகனும் பேரனும் பேஸ்போல் பார்க்க உட்காருவார்கள். நானும் உட்காருவேன். பேரனே எனக்கு வாத்தியார்.

"மூத்தாப்பா, நம்மட போலர் மாதிரி இவரு ஓடி வர ஏலாது. அந்த மேட்டில நிண்டுதான் எறியணும்."

பத்து அங்குல உயரமான மண்மேடு. அங்கிருந்து துடுப்பாட்டக்காரர் நிற்கும் தளத்துக்கு அறுபது அடி ஆறு அங்குலம். நமது அறுபத்தாறு அடி ஆடுகளத்தைவிடச் சற்றுக் கிட்ட. பந்து நிலத்தில் குத்தக்கூடாது. முழங்கையை மடக்கித்தான் எறிய வேண்டும். நமது மைதானத்தில் 'நோ போல்' என்று கைநீட்டப்படும் எறிதான் அங்கு தொழில். ஜாக்சன் தனது நல்ல நாட்களில் மணிக்கு 95 மைல் வேகத்தையும் தாண்டி எறிந்தவர்.

ஆறு மாதத்துக்குள் ஓர் அணி 162 ஆட்டங்கள் ஆட வேண்டும். ஏறக்குறைய நாள் தவறாமல் ஆட்டம். ஆனால் ஓர் ஆட்டத்தைத் தொடங்கி நூறு பந்து எறிந்தவரின் தோள் மறுநாள் உதவாது. நான்கு நாள் ஓய்வு வேண்டும். ஆகவே தொடங்குபவர்கள் மட்டும் ஐந்து பேர் தேவை. அவர்களுக்குப் பின்னால் வந்து கைகொடுக்க இன்னும் ஏழெட்டுப் பேர். ஐவரில் ஒருவரோ இருவரோ நட்சத்திரங்கள். அவர்களின் பெயர் பொறித்த சட்டைகளைச் சிறுவர்கள் வாங்கி அணிவார்கள். மற்றவர்கள் நான்காம் நாளுக்கும் ஐந்தாம் நாளுக்கும் உரியவர்கள். அந்த நாட்களையும் யாராவது எறிந்துதான் கடக்க வேண்டும். ஜேர்னிமேன் வாழ்வது அந்த இடத்தில்தான்.

அன்றைய இரவு எதிரணி ஜாக்சனை விளாசிக்கொண்டிருந்தது. ஒரு பந்து மதிலுக்கு அப்பால் போய் விழுந்தது. அவர் அதைத் திரும்பிப் பார்த்துவிட்டு, கையுறையை நீட்டி நடுவரிடம் புதுப்பந்து கேட்டார்.

"இந்தாளப் பார்க்காதீங்க மாமா. பதிமூணு டீம் வேணாண்டு அனுப்பின ஆள்" என்றார் மருமகன்.

"அப்ப, பதினாலு டீம் வேணுமெண்டு கூப்பிட்டிரிக்கிதானே?"

மருமகன் சிரித்தார். "கணக்கு சேரோட வாய் குடுக்கப்படாது."

அவர் சிரித்தாலும் எனக்கு அந்தக் கணக்கு விடவில்லை. அன்றிரவிலிருந்து அந்த மனிதரின் தொழில் வரலாற்றைத் தேடித் தேடி வாசிக்கத் தொடங்கினேன்.

ஜாக்சன் பிறந்தது 1983 செப்டெம்பர் 9ஆம் திகதி, அன்றைய மேற்கு ஜேர்மனியின் நொய்-உல்ம் நகரில். தந்தை அமெரிக்க இராணுவத்தில் இருந்தவர். 2001இல் லொஸ் ஏஞ்சல்ஸ் டொஜர்ஸ் அணி அவரைத் தெரிவுசெய்தது. 2003இல், தனது இருபதாவது பிறந்த நாளன்று, முதலாவது மேஜர் லீக் ஆட்டத்தில் இறங்கினார். எதிரே அரிசோனா அணிக்காக எறிந்தவர் ரண்டி ஜோன்சன். அந்தத் தலைமுறையின் மிகப்பெரிய பந்தெறிபவர்களில் ஒருவர். இருபது வயதுப் பையன் அவரை வென்றான்.

அப்படித் தொடங்கும் வாழ்க்கை ஓரிடத்தில் வேரூன்றி மரமாகும் என்றுதான் யாரும் நினைப்பார்கள். ஆனால் 2006 ஜனவரியில் தம்பா பே அணிக்கு மாற்றப்பட்டார். 2007இல் ஐந்து வெற்றி, பதினைந்து தோல்வி. மறு ஆண்டே பதினான்கு வெற்றி. அந்த அணி வரலாற்றில் முதற்தடவையாக உலகத் தொடர் என்ற இறுதிப் போட்டிக்குப் போனது. அந்த டிசம்பரிலேயே அவரை டெட்ராய்ட்டுக்கு அனுப்பினார்கள். 2009இல் அங்கு நட்சத்திர ஆட்டத்துக்குத் தெரிவானார். அந்த டிசம்பரில் அரிசோனாவுக்கு அனுப்பினார்கள். மோசமாக எறிந்தாலும் மாற்றம், நன்றாக எறிந்தாலும் மாற்றம்.

இந்த மாற்றத்தின் இயல்பை நமது வாசகர்கள் விளங்கிக்கொள்ள வேண்டும். ஆட்டக்காரரின் ஒப்பந்தம் அணியின் கையில் இருக்கும் ஒரு பத்திரம் போன்றது. அணி விரும்பினால் அதை இன்னோர் அணிக்குக் கொடுத்து வேறு ஆட்டக்காரரை வாங்கலாம். ஒப்பந்தத்திலேயே தடை எழுதப்பட்டிருந்தாலொழிய ஆட்டக்காரரின் சம்மதம் தேவையில்லை. ஒரு தொலைபேசி அழைப்பு வரும். பையைக் கட்ட வேண்டியதுதான். 2011 ஜூலை 27ஆம் திகதி ஜாக்சனுக்கு வந்தது அந்த அழைப்புகளிலேயே விசித்திரமானது. சிக்காகோ வைட் சொக்ஸ் அணி அவரை டொரொண்டோவுக்குக் கொடுத்தது. அதே நாளில் டொரொண்டோ அவரை சென்ட் லூயிஸ் அணிக்குக் கொடுத்தது. ஒரு பந்துகூட எறியாமல், அந்த ஊர்ச் சட்டையை அணியாமல், சில மணி நேரம் மட்டும் அவர் டொரொண்டோவின் உடைமையாக இருந்தார். அந்த அணியின் சட்டையை உண்மையிலேயே அணிய அவருக்கு இன்னும் எட்டு ஆண்டுகள் பிடித்தன. நான் தொலைக்காட்சியில் பார்த்தது அந்தச் சட்டையைத்தான்.

மாற்றத்தை மறுக்கும் உரிமை ஒன்றும் உண்டு. பத்தாண்டுகள் மேஜர் லீக்கில் ஆடி, அவற்றுள் கடைசி ஐந்தாண்டுகளை ஒரே அணியில் தொடர்ச்சியாகக் கழித்தவரை அவர் சம்மதமின்றி வேறு அணிக்குக் கொடுக்க முடியாது. ஜாக்சன் மேஜர் லீக்கில் பதினேழு பருவங்கள் எறிந்தார். ஆனால் எந்த அணியும் அவரை ஐந்தாண்டு வைத்திருக்கவில்லை. ஓரிடத்தில் நிலைத்தவனுக்கே 'போகமாட்டேன்' என்று சொல்லும் உரிமை. அலைக்கழிக்கப்படுபவனுக்கு அலைக்கழிவைத் தடுக்க வழியில்லை.

இந்த விதியை வாசித்த இரவில் எனக்கு உறக்கம் வரவில்லை. நான் முப்பத்திரண்டு ஆண்டுகள் கணிதம் படிப்பித்தேன். ஒன்பது பாடசாலைகள். அவற்றில் இரண்டுக்கு மட்டும் நானே கேட்டுப் போனேன். மற்ற ஏழும் 'சேவையின் அவசியம் கருதி' என்ற மூன்று சொற்களில் வந்தவை. தவணை நடுவில் கடிதம் வரும். பத்தாம் வகுப்புக்கு இருபடிச் சமன்பாட்டைத் தொடங்கியிருப்பேன், முடிப்பவர் வேறொருவர். புதிய இடத்தில் வேறொருவர் தொடங்கிவிட்டுப் போனதை நான் முடிப்பேன். ஆசிரியர் பற்றாக்குறையுள்ள பள்ளிக்குத்தான் அனுப்புவார்கள் என்பதால் போன இடமெல்லாம் வரவேற்பு இருக்கும். வரவேற்ற இடத்தில் பிரியாவிடைக்கு நேரமிருக்காது.

சில ஆண்டுகளுக்கு முன் நான் படிப்பித்த பாடசாலையொன்று பவள விழா மலர் வெளியிட்டது. பழைய ஆசிரியர்களின் பட்டியல் நான்கு பக்கங்களுக்கு இருந்தது. இரண்டு தடவை வாசித்தேன். என் பெயர் இல்லை. நான் அங்கு இருந்தது பதினான்கு மாதங்கள். அந்தப் பதினான்கு மாதங்களில் ஒரு சாதாரண தரப் பரீட்சையும் வந்துபோனது. அந்த வகுப்பு என் கையால் எழுதப்போன வகுப்பு. மலர்க் குழுவில் எவருக்கும் என்மீது கோபமில்லை. நிலைத்தவர்களையே ஞாபகம் வைத்திருப்பது ஊர் வழக்கம், அவ்வளவுதான். ஆனால் அந்த நான்கு பக்கங்களை மூடிவைத்தபோது ஒரு கேள்வி என்னுடன் எழுந்து வந்தது. நான் அங்கு இருந்தேனா?

ஜாக்சனையும் என்னையும் ஒரே தராசில் வைக்கவில்லை. சிக்காகோ கப்ஸ் அணி நான்கு ஆண்டுகளுக்கு மட்டும் அவருக்கு 52 மில்லியன் டொலர் கொடுக்கச் சம்மதித்தது. என் ஓய்வூதியத்தோடு அதை ஒப்பிட்டால் பேரனே சிரிப்பான். ஆனாலும் அந்தப் பணம் வந்த விதத்தையும் சொல்ல வேண்டும். ஒப்பந்தத்தின் முதலாண்டான 2013இல் அவர் பதினெட்டு ஆட்டங்களில் தோற்றார். அவர் ஆடிய நெஷனல் லீக்கில் அவ்வாண்டு அதைவிட அதிகம் தோற்றவர் எவருமில்லை. சொந்த மைதானத்திலேயே கூச்சலிட்டார்கள். 2015 ஜூலையில், இன்னும் ஓராண்டுக்கு மேல் சம்பளம் மீதியிருக்க, போகச் சொல்லிவிட்டார்கள். 1908க்குப் பிறகு அந்த அணி முதற்தடவையாக உலகத் தொடரை வென்றது 2016இல். அவ்வாண்டும் அந்த ஒப்பந்தப் பணம் அவருக்குப் போய்க்கொண்டிருந்தது. அவரோ மயாமியிலும் பின்னர் சான் டியாகோவிலும் எறிந்துகொண்டிருந்தார்.

பின் ஏன் அடுத்தடுத்த அணிகள் அவரை அழைத்தன? இதற்கான விடை 2007 முதல் 2013 வரையான ஏழு ஆண்டுகளில் இருக்கிறது. அந்த ஏழு ஆண்டுகளில் ஒவ்வோராண்டும் முப்பது ஆட்டங்களுக்குக் குறையாமல் அவர் தொடங்கியிருக்கிறார். பந்தெறிபவர்களின் முழங்கையும் தோளும் அடிக்கடி பழுதடையும். ஓராண்டு முழுவதும் சிகிச்சையில் போய்விடும் நட்சத்திரங்கள் பலர். ஜாக்சன் தன் முறை வந்ததும் மேட்டில் ஏறி நின்றார். எப்படி எறிவார் என்பதற்கு உத்தரவாதமில்லை. வருவார் என்பதற்கு உத்தரவாதம் இருந்தது. வராத திறமைசாலியை வைத்து நேரசூசி போட முடியாது என்பது எந்த அதிபருக்கும் தெரியும்.

அவருடைய மிகச் சிறந்த இரவும் அவருக்கே உரிய விதத்தில்தான் அமைந்தது. 2010 ஜூன் 25ஆம் திகதி அரிசோனா அணிக்காக, தனது பழைய தம்பா பே அணியை அதன் சொந்த மைதானத்திலேயே எதிர்த்து எறிந்தார். ஒன்பது இன்னிங்ஸ் முழுவதும் எறிந்து எதிரணிக்கு ஒரு அடியைக்கூட விடாமல் ஆட்டத்தை முடிப்பது பந்தெறிபவரின் உச்சக் கனவு. மகத்தான பலருக்கும் அது வாய்த்ததில்லை. அன்று ஜாக்சனுக்கு வாய்த்தது.

ஆனால் அது துலக்கி வைத்த வெள்ளிப் பாத்திரம் போன்ற ஆட்டமல்ல. குறி தவறிய பந்துகள் நான்கு ஆகிவிட்டால் துடுப்பாட்டக்காரர் அடிக்காமலே முதலாம் தளத்துக்கு நடந்து போகலாம். அன்று ஜாக்சன் எட்டுப் பேரை அப்படி நடக்கவிட்டார். அவர்களில் ஏழு பேர் முதல் மூன்று இன்னிங்ஸுக்குள்ளேயே. மூன்றாவது இன்னிங்ஸில் மூன்று தளங்களிலும் எதிரணியினர் நிற்க, இன்னும் ஒருவரும் ஆட்டமிழந்திருக்கவில்லை. அங்கிருந்து ஓர் ஓட்டமும் கொடுக்காமல் மீண்டார். நூறு பந்தை அண்மித்ததும் ஆளை மாற்றுவது வழக்கமாகிவிட்ட காலத்தில் அன்று அவர் எறிந்தவை 149 பந்துகள். முடிவு ஒன்றுக்குப் பூச்சியம்.

முப்பத்தைந்து நாட்கள் கழித்து அரிசோனா அவரை சிக்காகோவுக்குக் கொடுத்துவிட்டது.

சென்ட் லூயிஸ் அணி 2011இல் உலகத் தொடரை வென்றபோது அவரும் அந்த அணியில் இருந்தார். அந்தத் தொடரின் நான்காவது ஆட்டத்தைத் தொடங்கியவர் அவரே. அந்த ஆட்டத்தில் அணி தோற்றது. தொடர் ஏழாவது ஆட்டம் வரை நீண்டு வெற்றியில் முடிந்தது. ஏழு ஆட்டங்கள் வேண்டிய இடத்தில் நான்காவதையும் யாராவது எறியத்தானே வேண்டும்.

டொரொண்டோவில் அவர் அதிக நாள் இருக்கவில்லை. 2019 ஜூலையிலேயே விடுவித்துவிட்டார்கள். பழைய டெட்ராய்ட் அணி கூப்பிட்டது, போய் எறிந்தார். அந்தப் பருவம்தான் மேஜர் லீக்கில் கடைசி. 2021இல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக்கில் அமெரிக்க அணிக்குத் தெரிவாகி வெள்ளிப் பதக்கத்தோடு திரும்பினார். 2022 செப்டெம்பரில் ஓய்வை அறிவித்தார்.

மொத்தக் கணக்கு இது: வெற்றி 107, தோல்வி 133.

மருமகனின் கட்சிக்கு இந்த இரண்டு எண்களும் போதும். தோல்வி இருபத்தாறு கூடுதல். ஆனால் பேஸ்போலில் தோல்வி எப்படி எழுதப்படுகிறது என்பதைக் கவனிக்க வேண்டும். ஒவ்வோர் ஆட்டத்திலும் தோற்ற அணியின் பந்தெறிபவர்களில் ஒருவர் பெயருக்கு நேரே அந்தத் தோல்வி பதியப்படும். கைவிடப்பட்டவனுக்கு அது கிடைக்காது. 133 தோல்வியைப் பெற வேண்டுமானால், 132 தடவை தோற்ற பின்னும் யாரோ ஒருவர் அவர் கையில் பந்தைக் கொடுத்திருக்க வேண்டும். ஒன்றிரண்டு ஆட்டத்தோடு வீட்டுக்கு அனுப்பப்பட்டவர்களின் கணக்கில் தோல்வி மிகக் குறைவு.

இந்த விளையாட்டில் என்னைக் கடைசியில் ஆட்கொண்டது அந்தப் புத்தகம்தான். யார் எறிந்தார், எத்தனை இன்னிங்ஸ், எத்தனை ஓட்டம், எத்தனை நடை - எல்லாம் எழுதப்படுகிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டிலிருந்து எழுதி வருகிறார்கள். 1905இல் ஆர்ச்சிபால்ட் கிரஹாம் என்பவர் நியூயோர்க் அணிக்காக ஒரேயோர் ஆட்டத்தில், அதுவும் ஆட்டத்தின் கடைசிப் பகுதியில், களத்தில் நின்றார். மட்டை பிடிக்கும் முறை அவருக்கு வரவேயில்லை. பின்னர் மினசோட்டாவில் ஒரு சிற்றூரின் டொக்டராக வாழ்ந்து மறைந்தார். அவர் பெயரும் புத்தகத்தில் இருக்கிறது. ஈவிரக்கமில்லாமல் ஆட்களைக் கைமாற்றும் அதே விளையாட்டு, கைமாறிப் போனவன் எவனையும் பட்டியலிலிருந்து விடுவதில்லை. பதினான்கு அணிகளின் பதிவேட்டிலும், எத்தனை நாள் இருந்தாலும், ஜாக்சன் இருக்கிறார். அரிசோனாவில் அவர் ஒரு பருவம்கூட முழுதாக இருக்கவில்லை. அந்த 149 பந்துகளை விட்டுவிட்டு அந்த அணியின் வரலாற்றை எவரும் எழுத முடியாது.

நிலைத்தவர்களின் மேன்மையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஒரே பள்ளியில் இருபத்தைந்து ஆண்டுகள் இருந்து மூன்று தலைமுறையைப் படிப்பித்தவர்களை எனக்குத் தெரியும். அவர்கள் மரங்கள். ஆனால் ஒரு நிறுவனத்தின் வரலாறு மரங்களால் மட்டும் ஆனதல்ல. ஆளில்லாத தவணையில் வந்து நின்றவர்கள் இல்லாவிட்டால் அந்தத் தவணை வெறுமையாய்ப் போயிருக்கும். அவர்களின் பெயரை எழுதிவைக்க ஒரு வரி போதும். நமது பாடசாலை மலர்களைத் தொகுப்பவர்கள் பழைய வரவு இடாப்புகளையும் சம்பவத் திரட்டுப் புத்தகங்களையும் ஒருதரம் புரட்டிப் பார்க்கலாம். ஆறு மாதம் இருந்தவரின் கையொப்பமும் அங்கு இருக்கும்.

ஜாக்சனுக்கு முன் பதின்மூன்று அணிகள் என்ற எண்ணுக்கு உரியவராக இருந்தவர் ஒக்டாவியோ டொட்டல் என்ற டொமினிக்கன் நாட்டவர். 2025 ஏப்ரலில் சாந்தோ டொமிங்கோவில் ஒரு கேளிக்கை மண்டபத்தின் கூரை இடிந்து விழுந்த கோர விபத்தில் அவர் காலமானார். அதே ஆண்டு ஜூலை 22ஆம் திகதி, ரிச் ஹில் என்ற நாற்பத்தைந்து வயதுப் பந்தெறிபவர் கன்சாஸ் சிட்டி அணியின் சட்டையுடன் மேட்டில் ஏறினார். அவருக்கு அது பதினான்காவது அணி. எதிரணி சிக்காகோ கப்ஸ். இருபது ஆண்டுகளுக்கு முன், 2005இல், அவர் முதன்முதல் அணிந்தது அந்த அணியின் சட்டையைத்தான். அன்று ஐந்து இன்னிங்ஸ் எறிந்தார். தோற்றார். இன்னோர் ஆட்டம் எறியக் கொடுத்து, அதன் பின் கன்சாஸ் சிட்டியும் அவரை விட்டுவிட்டது.

புத்தகத்தில் பதினான்கு என்ற எண்ணுக்கு நேரே இப்போது இரண்டு பெயர்கள் எழுதப்பட்டிருக்கின்றன.